அப்பாவுடன் ஆட்டம் பார்க்க உதவிய எல்லோருக்கும்

மார்ச் 2023-இல் அமெரிக்காவின் கான்சாஸ் சிட்டியில் நடந்த, சின்னக் கல்லூரிகளின் சங்கமான என்.ஏ.ஐ.ஏ.வின் ஆண்கள் கூடைப்பந்து தேசியப் போட்டியை எங்கள் அப்பா கடைசி விசில் வரை உட்கார்ந்து பார்த்தார் என்றால் அதற்குப் பின்னால் ஒரு பட்டாளமே வேலை செய்திருக்கிறது. ஊருக்குப் போய் இறங்கியதிலிருந்து "எல்லாருக்கும் சொல்லிட்டியாத்தா?" என்று ஃபோனில் கேட்டுக்கொண்டே இருக்கிறார். ஆளாளுக்குத் தனியாக அனுப்பினால் யாரையாவது கட்டாயம் விட்டுவிடுவேன், அதனால் மொத்தமாக இங்கே எழுதுகிறேன். தமிழில் எழுதுவது அப்பா படிக்க வேண்டும் என்பதற்காக. தமிழ் தெரியாதவர்களுக்கு இதையே இங்கிலீஷில் எழுதிக் கையில் கொடுத்துவிடுவேன்.

அப்பாவைத் தெரியாதவர்களுக்கு ஒரு வரி. பெரியகுளம் பக்கம் பள்ளியில் பி.டி. சாராக இருந்து ரிட்டயர் ஆனவர், சென்னை ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரியில் படித்தவர், சனி ஞாயிறு ஆனால் கழுத்தில் விசிலை மாட்டிக்கொண்டு எங்காவது மேட்ச் நடத்தக் கிளம்பிவிடுவார். பெரியகுளத்தில் ஒவ்வொரு வருஷமும் அகில இந்தியக் கூடைப்பந்துப் போட்டி நடக்கும், அந்தச் சமயத்தில் எங்கள் வீட்டில் நல்லது பொல்லாது எதற்கும் அவரை எதிர்பார்க்க முடியாது. அப்படிப்பட்ட மனிதரை மார்ச் குளிரில் கொண்டுவந்து ஹீட்டர் போட்ட வீட்டுக்குள் அடைத்தால் எத்தனை நாளைக்குத் தெருவையே வேடிக்கை பார்ப்பார்?

முதல் நன்றி பக்கத்து வீட்டுப் பெரியவருக்கு. அந்த மாதம் கான்சாஸ் சிட்டியில் கூடைப்பந்துக்குக் குறைச்சலே இல்லை. முந்தின வாரம்தான் டி-மொபைல் சென்டர் அரங்கில் பிக் 12 என்ற பெரிய கல்லூரிகள் குழுவின் போட்டி முடிந்திருந்தது, அடுத்த வாரம் அதே இடத்தில் பெரிய கல்லூரிகளின் கடைசிப் பதினாறு அணிகளில் நான்கு வந்து ஆடப்போகின்றன, அந்த டிக்கெட் விலையைப் பார்த்து நான் வாயைப் பொத்திக்கொண்டேன். "அதெல்லாம் எதற்கு, என்னோடு வாருங்கள்" என்று சொல்லி இரண்டு பாஸ் கொண்டுவந்து கொடுத்தார் பெரியவர். அதுதான் என்.ஏ.ஐ.ஏ. போட்டி. டிவியில் பேர் அடிபடாத, சில ஆயிரம் பேர் படிக்கிற, சிலதில் ஆயிரம் பேர்கூடப் படிக்காத கல்லூரிகள். 64 அணிகள் முதல் இரண்டு சுற்றுகளை 16 ஊர்களில் ஆடி முடிக்க, மிச்சம் 16 அணிகள் கான்சாஸ் சிட்டியின் முனிசிபல் ஆடிட்டோரியத்துக்கு வரும்.

பெரியவருக்கு இந்த 16 கணக்கே பிடிக்காது. 2019 வரை 32 அணிகளும் ஒரே வாரத்தில் இதே ஊரில் மோதும், பட்டம் வேண்டுமென்றால் ஆறு நாளில் ஐந்து ஆட்டம் ஜெயிக்க வேண்டும், காலையில் ஆரம்பித்தால் ராத்திரி வரை ஆட்டம் ஓடிக்கொண்டே இருக்கும், அதுதான் போட்டி என்பார். நடுவில் சில வருஷம் போட்டியை டல்சா என்ற ஊருக்குத் தூக்கிக்கொண்டு போனதை இன்னும் மன்னிக்கவில்லை. எனக்கும் அவர் கட்சிதான், 32 அணி வந்திருந்தால் அப்பாவுக்குத் திகட்டத் திகட்டக் கிடைத்திருக்கும்.

அவர் பாஸ் மட்டும் கொடுக்கவில்லை, கதையும் கொடுத்தார், காரில் போகும்போதும் வரும்போதும். இந்தப் போட்டி 1937-இல் எட்டு அணிகளோடு தொடங்கியது, இன்று உலகமே பார்க்கிற, பெரிய கல்லூரிகளின் என்.சி.ஏ.ஏ. போட்டிக்கு இரண்டு வயது மூத்தது. தொடங்கிவைத்தவர்களில் ஒருவர் கூடைப்பந்தைக் கண்டுபிடித்த ஜேம்ஸ் நெய்ஸ்மித். கறுப்பின ஆட்டக்காரர்களைச் சேர்க்கக் கூடாது என்ற விதி ஆரம்பத்தில் இங்கே இருந்தது. 1947-இல் இந்தியானா ஸ்டேட் கோச் ஜான் வுட்டன் அழைப்பு வந்தும் தன் அணியைக் கூட்டிவரவில்லை, ஏனென்றால் அணியில் கிளாரன்ஸ் வாக்கர் இருந்தார். அடுத்த வருஷம் விதி மாறியது, வாக்கர் ஆடினார், அணி இறுதியாட்டம் வரை போய் லூயிவில்லிடம் தோற்றது.

அப்புறம் ஜான் மெக்லெண்டன் என்ற கறுப்பினக் கோச். கான்சாஸ் பல்கலைக்கழகத்தில் நெய்ஸ்மித்திடமே படித்தவர், ஆனால் நிறத்தின் காரணமாகக் கல்லூரி அணியில் அவரை ஆடவிடவில்லை. அதே மெக்லெண்டன் 1957, 58, 59 மூன்று வருஷமும் டென்னசி ஏ அண்ட் ஐ அணியைக் கூட்டிவந்து, தன் ஆசிரியர் தொடங்கிவைத்த போட்டியின் பட்டத்தைத் தொடர்ந்து அள்ளிக்கொண்டு போனார். 1957 மார்ச்சில் இதே ஆடிட்டோரியத்தில்தான், என்.சி.ஏ.ஏ. இறுதியாட்டத்தில், பின்னால் பெரிய நட்சத்திரமான வில்ட் சேம்பர்லேன் ஆடிய கான்சாஸ் அணி மூன்று கூடுதல் நேரத்துக்குப் பிறகு 53-54 என்று நார்த் கரோலினாவிடம் தோற்றது. அதை எல்லோரும் இன்றைக்கும் பேசுகிறார்கள், மெக்லெண்டன் பேரைச் சொன்னால் என் ஆபீஸில் ஒருவருக்கும் தெரியவில்லை. அப்பா இதை எல்லாம் என்னிடம் மொழிபெயர்க்கச் சொல்லிச் சொல்லிக் கேட்டார், மெக்லெண்டன் கதைக்கு மட்டும் ஒன்றும் பேசாமல் தலையை ஆட்டிக்கொண்டே வந்தார்.

அடுத்து, ஆடிட்டோரியத்தில் நுழைந்ததும் எதிர்ப்பட்ட தன்னார்வலர் பெண்ணுக்கு. எங்கள் சீட் மேலே இருந்தது, 1935-இல் கட்டின கட்டடம், படிகள் செங்குத்து, அப்பாவுக்கு முட்டி வலி. நான் ஒன்றும் கேட்கவில்லை. அவர் படியில் காலை வைத்து நின்ற விதத்தைப் பார்த்துவிட்டு அந்தப் பெண்ணே வந்து, யாரிடமோ வாக்கி டாக்கியில் பேசி, கீழே ஸ்கோர் மேசைக்குப் பக்கத்தில் இரண்டு சீட் ஒதுக்கிக் கொடுத்தார். மறுநாளும் எங்களைத் தூரத்தில் பார்த்ததுமே கையசைத்துக் கூப்பிட்டார். பேர் கேட்கத் தோன்றவில்லை. இதை அவருக்குத் தெரிந்த யாராவது படித்தால் சொல்லுங்கள், அந்த இடம் கிடைத்ததால்தான் இதற்கப்புறம் நான் எழுதப்போவது எல்லாம் நடந்தது.

அப்பா ஆட்டத்தைப் பார்ப்பவர் இல்லை, ரெஃப்ரியைப் பார்ப்பவர். "பந்து எங்க போகுதுன்னு எல்லாரும் பாப்பாங்க, ரெஃப்ரி எங்க போறான்னு பாரு" என்பார். முதல் ஆட்டத்தில் மூன்று ரெஃப்ரிகள் இறங்கியதும் முகம் சுளித்தார், அவர் காலத்தில் இரண்டு பேர்தான். "மூணு பேருக்கு இங்க என்ன வேலை, ஆளுக்கொரு சோலியா?" பாதி ஆட்டம் போவதற்குள் கட்சி மாறிவிட்டார், பந்து இல்லாத பக்கத்தில் ஜெர்சியைப் பிடித்து இழுத்த ஒரு பையனை அந்த மூன்றாவது ஆள் பிடித்தபோது தன் தொடையில் தட்டிக்கொண்டார். ஒவ்வொரு ஃபவுலுக்கும் மடியில் வைத்த கை தானாகவே சைகை காட்டும், சில சமயம் விசிலுக்கு முன்னாலேயே.

இன்னொன்று அவரை ரொம்பச் சந்தோஷப்படுத்தியது. இங்கே ஆண்கள் கல்லூரி ஆட்டம் இன்னும் 20 நிமிஷம் வீதம் இரண்டு பாதி. நம் ஊரில் பின்பற்றும் சர்வதேச விதி 2000-த்தில் பத்துப் பத்து நிமிஷமாக நான்கு குவார்ட்டர் ஆகிவிட்டது, ஷாட் எடுக்க இருந்த 30 வினாடியும் 24 ஆகிவிட்டது, அதை அவர் ஒருநாளும் ஒத்துக்கொண்டதில்லை. இங்கே இரண்டு பாதி, 30 வினாடி, ஒரு பாதியில் ஒரு அணியின் ஏழாவது ஃபவுலிலிருந்து ஒன் அண்ட் ஒன், அதாவது முதல் ஃப்ரீ த்ரோ விழுந்தால்தான் இரண்டாவது. "நான் விசில் ஊதின ஆட்டம்த்தா இது, அப்படியே வச்சிருக்கான்."

இப்போது ஸ்கோர் மேசையில் இருந்த அந்த மாணவர்களுக்கு வருகிறேன். அப்பா என் பையனின் கணக்கு நோட்டு ஒன்றை எடுத்து ஸ்கேல் வைத்துக் கோடு போட்டு ஸ்கோர் ஷீட் தயார் பண்ணிக்கொண்டு வந்திருந்தார். கூடை விழுந்தால் எண் மேல் சாய்வாக ஒரு கோடு, ஃப்ரீ த்ரோ விழுந்தால் அடைத்த புள்ளி, மூன்று பாயிண்ட் என்றால் ஆட்டக்காரன் நம்பரைச் சுற்றி வட்டம். தலை நிமிராமல் எழுதுகிறார் என்று நினைப்பீர்கள், ஆனால் எல்லாம் பார்த்துக்கொண்டேதான் எழுதுவார். கம்ப்யூட்டரில் தட்டிக்கொண்டிருந்த ஒரு பையன் பாதி நேரத்தில் எழுந்து வந்து நோட்டை எட்டிப் பார்த்தான். தன் கையிலிருந்த அச்சடித்த பாக்ஸ் ஸ்கோரை, அதாவது ஆளாளுக்கான பாயிண்ட், ஃபவுல் கணக்குத் தாளை, அப்பா பக்கத்தில் வைத்து, இருவரும் ஒவ்வொரு பேராக விரல் வைத்துச் சரிபார்க்க ஆரம்பித்தார்கள். ஒருவருக்கு மற்றவர் பாஷை தெரியாது, நான் நடுவில் நிற்கத் தேவையே வரவில்லை. ஒரு இடத்தில் ஃபவுல் கணக்கு இடித்தது. பையன் திரும்பிப் போய்ப் பார்த்துவிட்டு வந்து அப்பாவைப் பார்த்துக் கட்டை விரலை உயர்த்தினான். அதற்கப்புறம் நாங்கள் பார்த்த ஒவ்வொரு ஆட்டத்திலும் யாராவது ஒரு மாணவர் பாக்ஸ் ஸ்கோர் தாள் ஒன்றை எங்கள் சீட்டில் கொண்டுவந்து வைத்தார்கள், பத்திரிகைக்காரர்களுக்குக் கொடுக்கிற அதே தாள். தம்பிகளா, தங்கைகளா, அந்தத் தாள்கள் எல்லாம் பெரியகுளம் போய்ச் சேர்ந்துவிட்டன, அப்பா பழைய சிஷ்யர்களுக்குக் காட்டிக்கொண்டிருக்கிறார்.

ஆரம்பச் சுற்று ஆட்டங்களைத் தத்தம் கல்லூரியிலிருந்து ஆன்லைனில் ஒளிபரப்பிய மாணவர்களுக்கும் சேர்த்துச் சொல்கிறேன். ஒரே கேமரா, மைக்கில் ஒரு பையன், சில நேரம் படம் ஆடும், சில நேரம் ஸ்கோர் பலகை பின்தங்கிவிடும். ஆனாலும் இரண்டு பக்க ஆட்டக்காரர்களின் ஊர், உயரம், எந்த வருஷம் படிக்கிறான் என்பதெல்லாம் அவர்களுக்குத் தலைகீழ்ப் பாடம். பெரிய சானல்காரர்களுக்கு அந்த மாதம் என்.சி.ஏ.ஏ. போட்டியில் பர்டியூ என்ற பெரிய அணியை ஃபேர்லி டிக்கின்சன் என்ற பேர் தெரியாத அணி வீழ்த்தியதைப் பேசவே நேரம் போதவில்லை, குறை சொல்லவில்லை, அது பேச வேண்டிய விஷயம்தான். ஆனால் இந்தப் பிள்ளைகள் மைக் பிடிக்காவிட்டால் இந்தச் சின்னக் கல்லூரி ஆட்டங்களை வீட்டிலிருந்து யார் பார்த்திருக்க முடியும்?

மார்ச் 18, சனிக்கிழமை இறுதியாட்டம். காலேஜ் ஆஃப் ஐடஹோவும் இந்தியானா டெக்கும். எங்களுக்குப் பின் வரிசையில் ஊதா நிறச் சட்டையில் ஐடஹோ பெற்றோர்கள், கால்டுவெல் என்ற ஊரிலிருந்து வந்தவர்கள். அப்பாவின் நோட்டைப் பார்த்ததிலிருந்து அவரைத் தங்கள் ஆளாகவே எடுத்துக்கொண்டார்கள். அவருக்கு ஒரு ஊதாத் துண்டு, எனக்குச் சூடாக ஒரு கப் சாக்லேட், "யார் பக்கம்?" என்று ஒரு கேள்வி. அப்பா "ரெஃப்ரி பக்கம்" என்று சொல்லச் சொன்னார், நான் மொழிபெயர்த்ததும் அந்த வரிசையே சிரித்தது. ஆட்டம் 73-71, ஐடஹோ ஜெயித்தது. என்.ஏ.ஐ.ஏ. இரண்டு பிரிவாக இருந்தபோது 1996-இல் இரண்டாம் பிரிவில் பட்டம் வாங்கிய கல்லூரி, இத்தனை வருஷம் கழித்து மறுபடியும். கடைசி நிமிஷங்களில் அப்பா பேனாவைக் கீழே வைத்துவிட்டார், நான் பிறந்ததிலிருந்து அவர் ஸ்கோர் எழுதுவதை நிறுத்திப் பார்த்ததில்லை. பின் வரிசையில் இருந்த ஒரு அம்மா, மகன் அணி ஜெயித்த அந்த நேரத்தில், முதலில் குனிந்து அப்பா தோளைத் தொட்டுவிட்டுத்தான் கோர்ட்டை நோக்கி ஓடினார். அம்மா, வாழ்த்துகள். தோற்ற இந்தியானா டெக் பையன்களுக்கும் அப்பா எழுந்து நின்று கைதட்டினார், அதையும் பதிவு செய்யச் சொன்னார்.

பக்கத்து வீட்டுப் பெரியவருக்கு மறுபடியும் ஒரு நன்றி பாக்கி. சென்னை ஒய்.எம்.சி.ஏ. கல்லூரியை 1920-இல் தொடங்கிய ஹாரி குரோ பக், நெய்ஸ்மித் 1891-இல் கூடைப்பந்தைக் கண்டுபிடித்த அதே ஸ்பிரிங்ஃபீல்ட் கல்லூரியில் படித்தவர் என்று அப்பா சொன்னதும், அவர் அடுத்த லீவு நாளிலேயே எங்களைக் கான்சாஸ் பல்கலைக்கழகம் இருக்கும் லாரன்ஸுக்கு ஓட்டிக்கொண்டு போனார். நெய்ஸ்மித் தட்டச்சு செய்த 13 விதிகள் அங்கே டெப்ரூஸ் சென்டரில் கண்ணாடிக்குள் இருக்கின்றன, ஏலத்தில் 43 லட்சம் டாலருக்கு எடுத்த தாள்கள். அப்பாவுக்காக ஒவ்வொன்றாக வாசித்துச் சொன்னேன். பத்தாவது விதியில் அம்பயர் ஆட்களைக் கவனிக்க வேண்டும், பதினொன்றாவதில் ரெஃப்ரி பந்தைக் கவனிக்க வேண்டும் என்று வந்ததும், "திருப்பிப் படி" என்றார். படித்தேன். "ரெண்டு பேருதான் போட்டிருக்கான் பாத்தியா" என்று பெரியவரிடம் இரண்டு விரலைக் காட்டினார்.

நம் ஆட்கள் மிச்சம். தன் கணவரின் பெரிய கோட்டைக் கொடுத்த அக்கா, ஆடிட்டோரியத்துக்குள் வெளிச் சாப்பாட்டை விட மாட்டார்கள் என்று தெரிந்தும் தயிர்சாதமும் எலுமிச்சை ஊறுகாயும் கட்டிக் கொடுத்த தோழி (பார்க்கிங்கில் காருக்குள்ளேயே உட்கார்ந்து சாப்பிட்டோம், கண்ணாடி எல்லாம் ஆவி), செயின்ட் பாட்ரிக் ஊர்வலத்தன்று ரோடு அடைத்திருப்பார்கள் என்று முன்கூட்டியே சொல்லி, காசு வாங்காத டிராமில் எப்படிப் போவது என்று மேப் அனுப்பிய தம்பி, பகல் ஆட்டங்களுக்காக என் ஷிஃப்டையும் சேர்த்துப் பார்த்த ஆபீஸ் தோழர்கள், எல்லோருக்கும் நன்றி. அக்கா, கோட் டிரை கிளீனிங்கில் இருக்கிறது, வியாழக்கிழமை தருகிறேன் என்று சொல்லியிருக்கிறார்கள். வாங்கியதும் டிபன் டப்பாக்களோடு சேர்த்து நானே கொண்டுவந்து கொடுக்கிறேன்.