பணியிடை நீக்க ஆணையில் கையெழுத்திடும் முன்: நியாயவிலைக் கடைகளைக் கண்காணிக்கும் அலுவலர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய கூட்டுறவுத் துறை, உணவு வழங்கல் துறை அலுவலர்களுக்கு,

வணக்கம். கடலூரில் வழக்கறிஞராகத் தொழில் செய்பவன் நான். திருப்பாதிரிப்புலியூரில் மாதந்தோறும் வரிசையில் நின்று அரிசியும் பருப்பும் பாமாயிலும் வாங்குகிற குடும்ப அட்டைதாரனும் ஆவேன். ரேஷன் கடை விற்பனையாளர்களைப் பணியிடை நீக்கம் செய்யும் ஆணைகள் துறை மேலதிகாரிகளின் சீராய்விலும் நீதிமன்றத்திலும் ஏன் நிற்காமல் போகின்றன என்பதைப் பற்றி, அவற்றை எதிர்த்து வழக்காடியவன் என்ற முறையில் உங்களிடம் நேரடியாகப் பேச விரும்புகிறேன். ரேஷன் அரிசியைக் கடத்தி விற்பவருக்குத் தண்டனை கிடைக்க வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால், முறை தவறிப் பிறப்பிக்கப்படும் ஆணைதான் அவரைக் காப்பாற்றிவிடுகிறது.

சென்ற மழைக்காலத்தில் ஒரு பெண் விற்பனையாளர் என் அலுவலகத்துக்கு வந்தார். அவர் கடையில் நடந்த திடீர் ஆய்வில் அரிசி இருப்பு 62 கிலோ குறைந்திருந்தது. அன்று மாலையே, 'நிர்வாக நலன் கருதி, மறு உத்தரவு வரும்வரை' என்ற வாசகத்தோடு பணியிடை நீக்க ஆணை வந்துவிட்டது. ஆய்வறிக்கையின் நகல் இணைக்கப்படவில்லை. எந்தத் தராசில், யார் முன்னிலையில் எடை பார்க்கப்பட்டது என்ற குறிப்பும் இல்லை. அவர் பையிலிருந்து எடுத்தது 40 பக்கப் பள்ளிக்கூட நோட்டு ஒன்று. கிடங்கிலிருந்து வந்து இறங்கிய 50 கிலோ மூட்டைகளைத் தம் கடைத் தராசில் ஏற்றிப் பார்த்து, 48.9, 49.2, 48.6 என்று தேதிவாரியாகப் பென்சிலில் எழுதியிருந்தார். சுவரோரம் ஈரம் ஏறிக் கட்டி தட்டிப்போன இரண்டு மூட்டைகளையும் தனியே குறித்திருந்தார். "குறைஞ்சதை நான் மறைக்கல சார், எழுதித்தான் வெச்சிருக்கேன். இந்த நோட்டை யாரும் கேக்கவே இல்ல" என்றார். அது அன்றன்று எழுதிய கணக்கா, பின்னர் எழுதிச் சேர்த்ததா என்பது எனக்கும் அப்போது தெரியாது. அதைச் சோதித்தறியத்தானே விசாரணை என்ற ஒன்று இருக்கிறது?

பிற மாநிலங்கள் பலவற்றில் கடை நடத்துபவர் உரிமம் பெற்ற தனியார். அவருடைய உரிமம் ரத்தானால், அத்தியாவசியப் பொருட்கள் சட்டத்தின்கீழ் மத்திய அரசு 2015-இல் பிறப்பித்த பொது விநியோகக் கட்டுப்பாட்டு ஆணையின்படி 30 நாட்களுக்குள் மேல்முறையீடு செய்யலாம். அவர் தரப்பைக் கேட்காமல் அந்த மேல்முறையீட்டை முடித்துவிட முடியாது. முடிவாகும்வரை ரத்து ஆணையை நிறுத்திவைக்கவும் இடமுண்டு. நம் மாநிலத்தில் பெரும்பாலான கடைகளைக் கூட்டுறவுச் சங்கங்களே நடத்துவதால், விற்பனையாளர் சங்கத்தின் ஊழியர். அவர் நேராக உயர் நீதிமன்றத்துக்குப் போனால், கூட்டுறவுச் சங்கத்துக்கு எதிராகப் பொதுவாக ரிட் மனு (அரசு அமைப்புகளுக்கு எதிராக உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் மனு) நிற்காது என்று மாரப்பன் வழக்கில் 2006-இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு அளித்த தீர்ப்பு குறுக்கே நிற்கும். எஞ்சியிருப்பது, 1983-ஆம் ஆண்டுக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 153-ஆவது பிரிவின்கீழ் உங்கள் துறையிலேயே போட வேண்டிய சீராய்வு மனு. நீதிமன்றக் கதவு அவருக்கு எளிதில் திறக்காது என்பதாலேயே, உங்கள் மேசையில் நடக்கும் விசாரணை நீதிமன்றத்தின் கவனத்தோடு நடந்தாக வேண்டும் என்கிறேன்.

பணியிடை நீக்கம் தண்டனை ஆகாது என்பது சட்டத்தின் நிலை. குற்றச்சாட்டுகளை எழுத்தில் தெரிவிக்கும் குறிப்பாணையே மாதக் கணக்கில் வராமல் வீட்டில் உட்கார்ந்திருப்பவருக்கு அது தண்டனையேதான். மூன்று மாதங்களுக்குள் குறிப்பாணை வழங்கப்படாவிட்டால் பணியிடை நீக்கம் நீடிக்கக் கூடாது என்று அஜய் குமார் சௌத்ரி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2015-இல் கூறியது. அந்தக் காலவரம்பை எல்லா வழக்குகளிலும் அப்படியே பொருத்த முடியாது எனப் பின்வந்த தீர்ப்புகள் சொல்லியிருப்பதை அறிவேன். ஆயினும் தாமதத்துக்குக் காரணம் சொல்லும் பொறுப்பு உங்களுடையதே. பணியிடை நீக்கக் காலத்தில் தர வேண்டிய பிழைப்பூதியம் குறித்த 1981-ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுச் சட்டம் முதல் 90 நாட்களுக்குப் பாதி ஊதியமும், அடுத்த 90 நாட்களுக்கு முக்கால் பங்கும், அதற்குமேல் முழு ஊதியமும் தரச் சொல்கிறது. என்னிடம் வந்த அம்மையாருக்கு நான்கு மாதமாக ஒரு ரூபாய்கூடக் கிடைக்கவில்லை.

இன்னொன்று. ஆணையில் இல்லாத காரணத்தைப் பின்னர் நீதிமன்றத்தில் போடும் பதில் மனுவில் சேர்த்து ஆணைக்கு உயிரூட்ட முடியாது என்பது உச்ச நீதிமன்றத்தின் மொகிந்தர் சிங் கில் வழக்கிலிருந்து நிலைபெற்றுவிட்ட விதி. இரண்டு வரி ஆணை எழுதுபவர்கள் இதை நினைப்பதில்லை. உண்மையிலேயே மூட்டை மூட்டையாக அரிசியைக் கடத்தியவரும், எடை குறைந்து வந்த மூட்டைக்குப் பழி சுமந்தவரும் ஒரே வாசகத்தில் பணியிடை நீக்கம் செய்யப்படுகிறார்கள். ஆணையில் உள்ள அதே குறைபாட்டைக் காட்டி இருவரும் ஒரே வழியில் பணிக்குத் திரும்புகிறார்கள்.

இதற்கிடையே அந்தக் கடை பக்கத்து ஊர் விற்பனையாளரின் கூடுதல் பொறுப்புக்குப் போய், வாரத்தில் இரண்டு நாள் மட்டுமே திறக்கிறது. கூலி வேலையை விட்டுவிட்டு வந்தவர்கள், பூட்டிய கதவைப் பார்த்துப் பையை மடித்துக்கொண்டு திரும்புகிறார்கள். உரிமத்தை நிறுத்திவைத்தால் பொருட்கள் தடையின்றிக் கிடைக்க மாற்று ஏற்பாடு செய்ய வேண்டும் என்று 2015-ஆம் ஆண்டு ஆணை கூறுவதை, ஊழியர் பணியிடை நீக்கம் செய்யப்படும் இடத்திலும் கடைப்பிடிப்பதில் என்ன தடை இருக்கிறது?

ஆகவே, ஆய்வு முடிந்த இடத்திலேயே விற்பனையாளரிடம் அறிக்கையின் நகலைக் கொடுத்து ஒப்புகை பெறுங்கள். கிடங்கு மூட்டைகளைக் கடை வாசலில் எடை போட்டு இறக்கும் வழக்கத்தைக் கட்டாயமாக்குங்கள். குறைவு எங்கே நேர்ந்தது என்ற கேள்வி பாதிக்குமேல் அங்கேயே தீர்ந்துவிடும். பணியிடை நீக்கம் தேவைப்படும் வழக்கில் தயங்காமல் செய்யுங்கள். ஆனால் காரணத்தை எழுதி, குறிப்பாணையைக் காலத்தில் கொடுத்து, பிழைப்பூதியத்தை மாதாமாதம் வழங்குங்கள். நான் குறிப்பிட்ட அம்மையாரின் விசாரணை இன்னும் தொடங்கவில்லை. தொடங்கும் நாளில், அந்தப் பென்சில் நோட்டைக் கிடங்கின் வழங்கல் பதிவேட்டோடு வரிக்கு வரி ஒப்பிட்டுப் பார்க்கும்படி விசாரணை அலுவலரை வேண்டிக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
கடலூர் வழக்கறிஞர் ஒருவர்