லார்ஸ் ஹான்சனுக்குக் குரல் இருந்தது

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழில் பேசும்படம் வந்த கதையை ஒரே மூச்சில் படித்தேன். ஒரு வரிதான் உறுத்துகிறது. குரல் சரியில்லாத ஸ்வீடன் நடிகர்கள் ஹாலிவுட்டிலிருந்து மூட்டை கட்டினார்கள் என்று போகிறபோக்கில் எழுதிவிட்டார் கட்டுரையாளர். குரலா, மொழியா? இரண்டும் ஒன்றில்லையே.

லார்ஸ் ஹான்சன் என்ற ஸ்வீடன் நடிகரின் பெயர் கட்டுரையில் எங்குமே இல்லை. ஸ்வீடனிலிருந்து ஹாலிவுட் போய் நட்சத்திரமான கிரேட்டா கார்போவைத் தெரிந்தவர்களில் பலருக்கும் இவரைத் தெரியாது. கார்போவைக் கவனிக்க வைத்த 1924-ஆம் ஆண்டு ‘கோஸ்டா பெர்லிங்’ படத்தின் நாயகன் இவர்தான். 1926-இல் ‘தி ஸ்கார்லெட் லெட்டர்’ என்ற ஹாலிவுட் ஊமைப்படத்தில் லிலியன் கிஷ்ஷுக்கு ஜோடியானார். படப்பிடிப்பில் கிஷ் ஆங்கிலத்தில் பேச, இவர் ஸ்வீடிஷில் பதில் சொல்லியிருக்கிறார்! திரையில் ஒரு குறையும் தெரியாது. ஊர் கூடி நிற்க, பாதிரியாராக வரும் ஹான்சன் மேடையேறித் தன் பாவத்தை ஒப்புக்கொள்ளும் கடைசிக் காட்சியைப் பாருங்கள். அந்த முகத்துக்கு எந்த மொழியும் தேவைப்படவில்லை.

ஒலி வந்ததும் நிலைமை மாறியது. 1929-இல் பிரிட்டனில் எடுத்த ‘தி இன்ஃபார்மர்’ படத்தில் அயர்லாந்தின் டப்ளின்காரர் ஜிப்போ நோலனாக நடித்தார். ஊமைப்படமாகத் தொடங்கி, பாதியில் பேச்சு சேர்த்த படம் அது. பேச்சு வரும் பகுதியில் ஹான்சன் வாயசைக்கிறார்; கேட்பதோ வேறொருவரின் ஆங்கிலம். உடன் நடித்த லியா டி புட்டிக்கும் இரவல் குரல்தான். சில ஆண்டுகளுக்கு முன் பிரிட்டிஷ் திரைப்படக் கழகம் இந்தப் படத்தைச் செப்பனிட்டபோது எடுத்துக்கொண்டது ஊமை வடிவத்தைத்தான். சரியான முடிவு என்பேன்.

கார்போவுக்கு அதிர்ஷ்டம் வேறு மாதிரி வாய்த்தது. அவருடைய முதல் பேசும்படமான ‘அன்னா கிறிஸ்டி’ (1930) அமெரிக்க நாடகாசிரியர் யூஜின் ஓநீலின் நாடகம். கதாநாயகியே ஸ்வீடன் வழிப் பெண். உச்சரிப்பு பாத்திரத்தோடு ஒட்டிக்கொண்டது. ஹான்சனுக்கு அப்படி ஒரு வேடம் அமையவில்லை.

ஊர் திரும்பியவர் ஓய்ந்துவிடவும் இல்லை. 1935-இல் இளம் இங்க்ரிட் பெர்க்மனோடு ஸ்வீடிஷ் பேசும்படத்தில் நடித்தார். நாடக மேடையையும் விடவில்லை. ஓநீல் இறந்த பிறகு, அவருடைய ‘லாங் டேஸ் ஜர்னி இன்டு நைட்’ உலகிலேயே முதன்முதலாக மேடையேறியது ஸ்டாக்ஹோமின் டிராமாட்டன் அரங்கில்தான். 1956 பிப்ரவரி 10. அதில் ஜேம்ஸ் டைரோன் வேடம் ஹான்சனுக்கு. ஐரிஷ் வம்சத்து வயதான நடிகர் பாத்திரம் அது, மணிக்கணக்கில் பேச வேண்டிய நாடகம். அப்போது அவருக்கு 69 வயது. இந்த ஐரிஷ்காரருக்கு யாரும் இரவல் குரல் கொடுக்கவில்லை.

அடுத்த பகுதியில் அந்த வரியைத் திருத்தி, இவருக்கு ஒரு பத்தியாவது ஒதுக்கச் சொல்லுங்கள்.

அன்புடன்,
பழைய படப் பிரியர் ஒருவர்,
திருநெல்வேலி