பியானோக்காரரைச் சுடாதீர்கள்: ஓடிடி தளத்தாருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய தளத்தாருக்கு,

வணக்கம். விஷயம் உங்களுக்குத் தெரிந்ததுதான்: பழைய படத்துக்கு இசையமைத்தவரின் பெயரை உங்கள் தளம் விட்டுவிடுவது. இது என் நான்காவது மடல். முந்தைய மூன்றுக்கும் ‘உங்கள் கருத்து எங்களுக்கு மிகவும் முக்கியம்’ என்று ஒரே பதில், எழுத்து மாறாமல் வந்தது. அவ்வளவு முக்கியமானதை எங்கே பத்திரப்படுத்தி வைத்திருக்கிறீர்களோ தெரியவில்லை. அதனால்தான் இந்த முறை நாலு பேர் படிக்கும்படி எழுதுகிறேன்.

உங்கள் பழைய மெக்சிகோ படங்களின் வரிசையில் பெர்னாண்டோ தே ஃபுயெந்தெஸ் எடுத்த ‘வாமோனோஸ் கோன் பாஞ்சோ வீயா’ இருக்கிறது. அதன் விவரப் பக்கத்தில் சில்வெஸ்த்ரே ரெவுவெல்தாஸ் பெயர் நடிகர் பட்டியலின் கடைசியில் நிற்கிறது. ‘இசை’ என்ற இடம் காலி. ஐயா, அந்தப் படத்துக்கு இசையமைத்தவரே அவர்தான். நடித்தது சின்ன வேடம், மதுக்கடையில் பியானோ வாசிப்பவராக. சுடத் தொடங்கியதும் ‘பியானோக்காரரைச் சுட வேண்டாம் எனக் கேட்டுக்கொள்கிறோம்’ என்று எழுதிய அட்டையைக் காட்டுவார். அது துப்பாக்கிக்காரர்களுக்கு மட்டும்தான் என்று நினைத்திருந்தேன். உங்கள் அலுவலகத்துக்கும் ஒன்று அனுப்ப வேண்டும் போலிருக்கிறது.

‘இசை: சில்வெஸ்த்ரே ரெவுவெல்தாஸ்’. இவ்வளவுதான் கேட்கிறேன்.

இதுகூடப் பரவாயில்லை என்று விட்டிருப்பேன். போன சனிக்கிழமை ராத்திரி அம்மாவோடு உட்கார்ந்து ‘ரெதெஸ்’ பார்த்தேன். வலைகள் என்று பொருள். 1936-இல் வந்த படம், மொத்தமே ஒரு மணி நேரம். வேராகுரூஸ் கரையோரம் அல்வராதோவில் எடுத்தது, பால் ஸ்ட்ராண்டின் ஒளிப்பதிவு, உள்ளூர் மீனவர்களே நடித்தது. முதலில் இசையமைப்பாளர் கார்லோஸ் சாவேஸிடம் இருந்த இதன் இசைப் பொறுப்பை ரெவுவெல்தாஸ் ஏற்றதில்தான் இருவருக்கும் இருந்த நட்பு முறிந்தது. அத்தனை விலை கொடுத்த இசை. கடைசிக் காட்சியில் செத்துப்போன தோழனைப் படகில் கிடத்தி மீனவர்கள் துடுப்புப் போட்டுத் திரும்புகிறார்கள். பேச்சே கிடையாது. துடுப்போடு வாத்தியங்களும் சேர்ந்து ஏறுகின்றன. அந்த நேரம் பார்த்துப் படம் சுருங்கி மூலைக்குப் போனது. ‘அடுத்த படம் 5 விநாடிகளில்’. ரிமோட் போர்வைக்குள் எங்கேயோ. நான் தேடி எடுப்பதற்குள் மீனவர்களைக் காணோம், ஒரு ஜோடி கடற்கரையில் ஆடிக்கொண்டிருந்தது. “எழவு வீட்டுல இப்படியா அவசரப்படுவாங்க?” என்றார் அம்மா. பதில் உங்களிடம்தான் இருக்கிறது.

கோளாறு உங்களோடு மட்டும் நிற்கவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். ‘லா நோச்செ தே லோஸ் மாயாஸ்’ (மாயர்களின் இரவு) என்று இன்று இசைக்குழுக்கள் விரும்பி வாசிக்கும் நான்கு பகுதித் தொகுப்பு, 1939-இல் அதே பெயரில் வந்த படத்துக்கு ரெவுவெல்தாஸ் எழுதிய இசையிலிருந்து, இசைக்குழு நடத்துநர் ஹோசே இவ்ஸ் லிமாந்தூர் 1960-இல் கோத்தது. ரெவுவெல்தாஸ் 1940-லேயே, நாற்பது வயதில், நிமோனியாவில் போய்விட்டார். கடைசிப் பகுதியில் தாளவாத்தியங்கள் அதிர்ந்ததும் அரங்கமே எழுந்து கைதட்டுகிறது. எது படத்துக்கு எழுதியது, எது பின்னால் கோத்தது என்று கேட்பவர்கள் குறைவு. அங்கே லிமாந்தூர் காணாமல் போகிறார், உங்கள் பக்கத்தில் ரெவுவெல்தாஸ். சரி, ‘அறிமுகத்தைத் தவிர்க்க’ என்று பொத்தான் வைத்தீர்களே, அந்தக் காலப் படங்களில் எல்லோர் பெயரும் தொடக்கத்தில்தானே வரும்? அதைத் தாண்டச் சொல்லிவிட்டு, விவரப் பக்கத்திலும் பெயர் இல்லையென்றால் அந்த மனிதர் எங்கேதான் போவார்?

கோபத்தில் நீளமாகிவிட்டது, மன்னிக்கவும். பொத்தானை உடனே எடுக்கச் சொல்லவில்லை. ‘ரெதெஸ்’ முடிந்து திரை இருளும்வரை அடுத்த படத்தைத் தள்ளாதீர்கள். ‘இசை’ என்ற காலி இடத்தில் அவர் பெயரைப் போடுங்கள். நடிகர் பட்டியலில் இருப்பதை எடுத்துவிட வேண்டாம், பியானோவும் அவர் வாசித்ததுதானே.

இப்படிக்கு,
இந்த மாதமும் சந்தா கட்டிய ஒருவன்