பட்டாலியனில் சேர்ந்த மகளுக்கு

அன்புள்ள கயல்,

நீ உன் டெக்சாஸ் ஏ அண்ட் எம் பல்கலைக்கழகத்தில் மாணவர்கள் நடத்தும் 'தி பட்டாலியன்' பத்திரிகையில் படம் எடுக்கச் சேர்ந்துவிட்டாய் என்று அம்மா சொன்னதிலிருந்து மனசு நிறைந்திருக்கிறது. அம்மாவுக்குத்தான் கவலை. எம்.எஸ். படிக்கப் போன பிள்ளை ராத்திரியில் கேமராவும் கையுமாக அலைந்தால் படிப்பு என்ன ஆகும், விசா என்ன ஆகும் என்கிறாள். அவள் கேட்பதில் நியாயம் இருக்கிறது. சம்பளம் உண்டென்றால், ஆய்வக வேலையோடு சேர்த்து செமஸ்டர் நாட்களில் வாரம் 20 மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. வெளிநாட்டு மாணவர் அலுவலகத்தில் கேட்டு, பதிலை மின்னஞ்சலில் வாங்கி வைத்துக்கொள். அதைச் செய்துவிடு, அம்மாவை நான் பார்த்துக்கொள்கிறேன்.

நான் எழுத உட்கார்ந்தது வேறு விஷயத்துக்கு. நீ சேர்ந்திருப்பது எப்படிப்பட்ட பத்திரிகை என்று தெரிந்துகொண்டு கேமராவைத் தூக்க வேண்டும் என்பது என் ஆசை. செய்தி மேசையிலேயே தலை நரைத்தவன் நான். உனக்கு அட்மிஷன் வந்த நாளிலிருந்தே அந்தப் பத்திரிகையைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படித்துக்கொண்டிருக்கிறேன்.

இன்றைக்கு உன் பல்கலைக்கழகத்தில் 70,000 பேருக்கு மேல் படிக்கிறார்கள். அதில் சீருடை போட்ட கேடட்கள், அதாவது ராணுவப் பயிற்சி எடுக்கும் மாணவர்கள், 2,000 சொச்சம்தான். அதனால் அது ஒரு ராணுவக் கல்லூரியாக இருந்தது என்பதே உனக்கு மறந்துபோகும். 1876-ல் டெக்சாஸ் விவசாய இயந்திரவியல் கல்லூரி என்று தொடங்கியபோது அங்கே ஆண்களுக்கு மட்டுமே இடம், வெள்ளையருக்கு மட்டுமே இடம். சேர்ந்தவன் ராணுவப் பயிற்சி எடுத்தே ஆக வேண்டும். எழுவதும் உண்பதும் படுப்பதும் குழல் ஊதினால்தான். அப்படிப்பட்ட இடத்தில் 1893-ல் மாணவர்களின் இலக்கியச் சங்கங்கள் சேர்ந்து தொடங்கிய மாத இதழ்தான் பட்டாலியன். 1904-ல் வார இதழானது. இதழ் தொடங்கியபோது கல்லூரித் தலைவராக இருந்தவர் லாரன்ஸ் சல்லிவன் ராஸ். உள்நாட்டுப் போரில் தென் மாநிலங்களின் பக்கம் நின்ற தளபதி, மாநில ஆளுநராகவும் இருந்தவர். வளாகத்தில் அவருடைய சிலைக் காலடியில் பரீட்சைக்கு முன் பிள்ளைகள் காசு வைத்துவிட்டுப் போவார்கள் என்று நீயே சொல்லியிருக்கிறாய்.

ராணுவத்தில் உத்தரவு மேலிருந்து கீழே வரும். கீழே இருப்பவன் என்ன நினைக்கிறான் என்பது மேலே போக அங்கே வழி குறைவு. ஆணைக்குப் பழகிய பையன்கள் ஒரு தாளை அச்சடித்துத் தங்கள் அபிப்பிராயத்தை அதில் போட்டார்கள் என்பது எனக்குப் பெரிய விஷயமாகப் படுகிறது. அவர்கள் எழுதியதெல்லாம் புரட்சி என்று சொல்ல வரவில்லை. பாதி விளையாட்டுச் செய்தி, பாதி அணிவகுப்புச் செய்தியாகக்கூட இருந்திருக்கட்டும். வாராவாரம் ஒரு தாள் வரும் என்ற பழக்கம் வேரூன்றிவிட்டால், சொல்ல வேண்டியது ஒன்று வரும்போது அதைச் சொல்ல இடம் தயாராக இருக்கும்.

அப்படி ஒன்று 1950-களில் வந்தது. பெண்களைச் சேர்க்கலாமா என்ற கேள்வி. 1958-ல் பக்கத்து ஊரான பிரையனைச் சேர்ந்த இரண்டு பெண்கள் வழக்குப் போட்டார்கள். உள்ளூர் நீதிமன்றம் அவர்கள் பக்கம் தீர்ப்புச் சொன்னது, மேல்முறையீட்டில் அது கவிழ்ந்தது, உச்ச நீதிமன்றம் கேட்கவே மறுத்துவிட்டது. அந்தக் காலத்தில் பட்டாலியனில் ஆசிரியராக இருந்த மாணவர்கள் பெண்களைச் சேர்க்க வேண்டும் என்று தலையங்கம் எழுதினார்கள். கயல், அதை யாருக்கு நடுவில் உட்கார்ந்து எழுதினார்கள் என்று யோசித்துப் பார். படித்தவர்கள் ஏறக்குறைய எல்லோரும் ஆண், பலர் கேடட், பெரும்பாலோர் இந்த யோசனையை வெறுத்தவர்கள். அரசாங்கத்தை எதிர்த்து எழுதுவதுகூட ஒரு வகையில் சுலபம், வாசகன் கை தட்டுவான். சொந்த வாசகன் முகம் சுளிப்பான் என்று தெரிந்தே எழுதிவிட்டு, மறுநாள் அதே சாப்பாட்டுக்கூடத்தில் அவனோடு உட்கார்ந்து சாப்பிடுவதற்குத்தான் நெஞ்சுரம் வேண்டும். நான் வேலை பார்த்த காலத்தில் அப்படி எழுதியவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

கதவைத் திறந்தவர் கடைசியில் ஒரு போர்வீரர்தான். ஜேம்ஸ் ஏர்ல் ரட்டர், இரண்டாம் உலகப் போரில், 1944-ல் நார்மண்டியில் பாயின்ட் டு ஹாக் செங்குத்துப் பாறையில் ஏறிய அமெரிக்க அதிரடிப் படையினரான ரேஞ்சர்களின் தளபதி. அவர் தலைவராக இருந்தபோது 1963-ல் பெண்களுக்கு ஓரளவு இடம் கிடைத்தது, கறுப்பின மாணவர்களும் அதே ஆண்டு வந்தார்கள். 1965-ல் ராணுவப் பயிற்சி விருப்பப் பாடமானது. இன்று உன் வகுப்பில் நீ உட்கார்ந்திருப்பது அந்த வரிசையில்தான்.

1999-ஐப் பற்றிக் கொஞ்சம் எழுத வேண்டும், நீ படம் எடுக்கிறவள் என்பதால். டெக்சாஸ் பல்கலைக்கழகத்தோடு நடக்கும் கால்பந்துப் போட்டிக்கு முன்னால் மாணவர்களே மரம் வெட்டி, அடுக்கி, சொக்கப்பனை கொளுத்துவது அங்கே நெடுநாள் வழக்கமாக இருந்தது. நம் ஊர்ச் சொக்கப்பனையை நினைத்துக்கொள்ளாதே. சுமார் 5,000 மரங்கள், 60 அடி உயரம். 1999 நவம்பர் 18, அதிகாலை 2:42-க்கு, அடுக்கிக்கொண்டிருக்கும்போதே சரிந்தது. 12 பேர் செத்தார்கள், 27 பேருக்குக் காயம். மறு ஆண்டு வந்த விசாரணை அறிக்கை, பல பத்தாண்டுகளாகக் கட்டுமானத்தை முறையாக யாரும் சரிபார்க்கவில்லை என்று சொன்னது. அங்கே எத்தனை பொறியியல் பேராசிரியர்கள் இருந்தார்கள் என்று நினைத்தால் வயிறு எரிகிறது. வழக்கம் என்று பெயர் வைத்துவிட்டால் கேள்வி கேட்பவன் துரோகி ஆகிவிடுகிறான்.

அந்தச் செய்தியைப் பட்டாலியனில் எழுதியவர்களும் படம் எடுத்தவர்களும் மாணவர்கள். கிடந்தவர்கள் அவர்களோடு படித்தவர்கள். தினசரியில் விபத்துச் செய்தி எழுதி மரத்துப்போன ஆட்களுக்கே கை நடுங்கும் வேலை அது. உனக்கு அப்படி ஒரு இரவு வரவே கூடாது என்று வேண்டிக்கொள்கிறேன். வந்தால், படத்தை எடு. எடுத்ததையெல்லாம் போட வேண்டியதில்லை. எதைப் போடுவது என்பதைத் தனியாக முடிவு பண்ணாதே, ஆசிரியரோடு உட்கார்ந்து முடிவு பண்ணு. இறந்தவனின் அம்மா அந்தப் படத்தை ஒருநாள் பார்ப்பாள் என்பதை நினைவில் வை.

இனி 2022-க்கு வருகிறேன். எனக்கு இதில்தான் அதிக அக்கறை. 2004-லேயே பல்கலைக்கழகம் இதழியல் துறையை மூடிவிட்டது. துறை போன பிறகும் பிள்ளைகள் பத்திரிகையை நடத்தினார்கள். 2022 பிப்ரவரியில் அன்றைய தலைவர் கேத்தரின் பேங்க்ஸ், அச்சுப் பதிப்பை உடனே நிறுத்த வேண்டும், இனி இணையத்தில் மட்டும் என்று சொல்லி அனுப்பினார். இதழியல் துறையைத் திரும்பக் கொண்டுவருகிறோம், பத்திரிகை அதன் கீழ் வரட்டும் என்பது அவர் தரப்பு. பொறியியல் கல்லூரியின் டீனாக இருந்து வந்தவர் அவர். பத்திரிகையில் முதன்மை ஆசிரியராக இருந்ததும் ஒரு மாணவி. பெண்களே கூடாது என்ற கல்லூரியில் இரண்டு பக்கமும் பெண்கள் நின்று வாதாடியதை அந்த 1958 பையன்கள் பார்த்திருக்க வேண்டும். மாணவர்கள் அந்த உத்தரவையே செய்தியாக்கினார்கள். பழைய மாணவர்கள் கொதித்தார்கள், நாடு முழுக்கப் பேச்சானது. சில நாளில் தலைவர் இறங்கிவந்து, செமஸ்டர் முடியும்வரை அச்சிடலாம் என்றார். அச்சு அதற்குப் பிறகும் நிற்கவில்லை.

இதைப் பலர் காகிதமா இணையமா என்ற சண்டையாகப் பார்த்தார்கள். உன் வயசுப் பிள்ளைகள் யார் காகிதத்தில் படிக்கிறார்கள் என்று நீகூடக் கேட்பாய். என் கண்ணுக்கு அது முடிவெடுப்பது யார் என்ற சண்டை. விளம்பரக் காசில் ஓடும் அச்சுப் பதிப்பை மாணவர்களே கணக்குப் பார்த்து நிறுத்தியிருந்தால் நான் வாயைத் திறந்திருக்க மாட்டேன். மேலிடம் ஒரு வார்த்தையில் அச்சை நிறுத்தலாம் என்றால், நாளைக்கு ஒரு கட்டுரையையும் ஒரு வார்த்தையில் நிறுத்தலாம். அடுத்த ஆண்டே அந்த இதழியல் துறையை நடத்த கேத்லீன் மெக்எல்ராயை அழைத்தார்கள். அங்கேயே 1981-ல் பட்டம் வாங்கியவர், மாணவியாகப் பட்டாலியனில் எழுதியவர், நியூயார்க் டைம்ஸில் நெடுங்காலம் இருந்தவர். வெளியிலிருந்து எதிர்ப்பு வந்ததும் நிரந்தரப் பேராசிரியர் பதவி என்று சொன்னது ஐந்தாண்டு ஆனது, பிறகு ஓராண்டு ஆனது. அவர் வேண்டாம் என்று விலகிவிட்டார். 2023 ஜூலையில் பேங்க்ஸ் பதவி விலகினார். பல்கலைக்கழகம் மெக்எல்ராய்க்கு 10 லட்சம் டாலர் கொடுத்துச் சமரசம் செய்தது.

முழுக்கச் சுதந்திரமான பத்திரிகை ராணுவக் கல்லூரியில் சாத்தியமா என்று போனில் கேட்டாய். அமெரிக்க ராணுவத்தின் சொந்தக் கல்லூரியான வெஸ்ட் பாயின்டில் கேடட் படிக்கும்போதே ராணுவத்தில் இருப்பவன், அங்கே வரும் 'பாயின்டர் வியூ' ராணுவத்தின் சொந்த இதழ். உன் இடமும் வர்ஜீனியா ராணுவக் கழகமும் மாநிலக் கல்லூரிகள், அங்கே சீருடை போட்டவனும் சாதாரணக் குடிமகன்தான். வர்ஜீனியாவில் 'தி கேடட்' 1907-ல் தொடங்கியது. அந்தக் கழகத்தில் நடந்த இனவெறிக் கொடுமைகள் 2020-ல் பெரிதாக வெளிவந்தது வெளியூர்ப் பத்திரிகைகளில். அங்கேயே படித்தவரான மாநில ஆளுநர் விசாரணைக்கு உத்தரவிட்டார். 2021-ல் 'தி கேடட்' கல்லூரிப் பணம் தொடாமல், பழைய மாணவர்களின் அறக்கட்டளைப் பணத்தில் மறுபடி வந்தது. நல்ல ஏற்பாடுதான். ஆனால் பணம் கொடுக்கும் பழைய மாணவருக்கும் கல்லூரி எப்படி இருக்க வேண்டும் என்று ஒரு பிடிவாதம் இருக்குமே? முதலாளியின் கை ஆசிரியர் மேசைக்கு எப்படி நீளும் என்பதைக் கிட்ட இருந்து பார்த்தவன் சொல்கிறேன், வெளியிலிருந்து வரும் காசுக்கும் கை உண்டு.

சட்டம் ஓரளவு துணை நிற்கிறது. 1971-ல் வட கரோலினாவில் ஒரு கறுப்பினக் கல்லூரியின் மாணவர் பத்திரிகை, வெள்ளை மாணவர்களைச் சேர்க்கக் கூடாது என்று எழுதியது. தலைவர் பணத்தை நிறுத்தினார். கருத்துப் பிடிக்கவில்லை என்பதற்காகப் பணத்தை நிறுத்த முடியாது என்று 1973-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. அந்தத் தலையங்கம் எனக்கும் பிடிக்கவில்லை. தீர்ப்பு சரி என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

ஆகவே சேர்ந்த முதல் வாரத்திலேயே மூத்தவர்களிடம் கேட்டுத் தெரிந்துகொள்: ஆசிரியரை நியமிப்பது யார், நீக்கக்கூடியவர் யார், விளம்பரக் காசு யார் கணக்கில் விழுகிறது, நீ எடுத்த படத்தின் உரிமை யாருடையது. கேடட் அணிவகுப்பைப் படம் எடுக்கப் போனால் அவர்களுடைய மரியாதைகளைக் கடைப்பிடி, அவர்களும் உன் வயசுப் பிள்ளைகள்தான். படத்துக்குக் கீழே போடும் பெயரை ஒவ்வொருவரிடமும் எழுத்துக்கூட்டிக் கேட்டு எழுதிக்கொள். பெயரைத் தப்பாகப் போட்ட பத்திரிகையை அந்தக் குடும்பம் மறக்காது.

உன் முதல் படம் வரும் இதழில் இரண்டு பிரதி எடுத்து வை. ஒன்றைத் தபாலில் அனுப்பு, மடிக்காமல் அட்டை வைத்து. பாளையங்கோட்டை முகவரியில் பின்கோடு போட மறக்காதே. அம்மா ரசப்பொடி அரைத்து வைத்திருக்கிறாள், அடுத்த மாதம் ஹூஸ்டன் வருகிற உன் சித்தப்பா கையில் கொடுத்துவிடுகிறோம்.

அன்புடன்,
அப்பா