தாண்டுவதை முழுசாகக் காட்டுங்கள்

தடகளப் போட்டிகளை ஒளிபரப்பும் நிறுவனத்தாருக்கு, வணக்கம்.

எந்த இரவைப் பற்றிச் சொல்கிறேன் என்று உங்களுக்கே தெரியும். பெண்கள் உயரம் தாண்டுதல். பதக்கம் தீர்மானமாகிற உயரம், ஒரு வீராங்கனைக்கு அது மூன்றாவது முயற்சி, அதாவது கடைசி வாய்ப்பு. அவர் ஓட ஆரம்பிக்கப் போகும்போது நீங்கள் 800 மீட்டருக்கு நின்றவர்களை ஒவ்வொருவராக அறிமுகம் செய்யப் போய்விட்டீர்கள். ஓட்டம்கூட இல்லை, வெறும் அறிமுகம். திரும்பி வந்தபோது அவர் பையை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார். கம்பி விழுந்ததை அடியில் ஓடிய எழுத்தைப் படித்துத்தான் தெரிந்துகொண்டோம்.

ஒரு தடவை என்றால் சரி, விட்டுவிடலாம். போட்டிக்குப் போட்டி இதே கதை.

எல்லா யுன்னிலா என்ற பின்லாந்து வீராங்கனைக்காக உயரம் தாண்டுதலைப் பார்க்க ஆரம்பித்தவன் நான். 2021 மார்ச்சில் போலந்தின் தோருன் நகரில் நடந்த ஐரோப்பிய உள்ளரங்கப் போட்டியில் 1.96 மீட்டர் தாண்டி, தன் நாட்டின் சாதனையோடு வெண்கலம் வென்றார். அவருக்கு முன்னால் இரண்டு உக்ரைன் பெண்கள்: மஹுச்சிக் 2.00, கெராஷ்சென்கோ 1.98. முதல் இடத்துக்கும் மூன்றாவது இடத்துக்கும் நடுவே வெறும் நான்கு சென்டிமீட்டர்! யுன்னிலாவின் அம்மா ரிங்கா ரோப்போ 1990இல் 6.85 மீட்டர் நீளம் தாண்டியவர். பின்லாந்து என்றால் ஈட்டியும் நெடுந்தூர ஓட்டமும்தான் என்று நினைக்கிறவர்களுக்கு, 1934இல் இத்தாலியின் தூரின் நகரில் 2.00 மீட்டர் உயரம் தாண்டி ஐரோப்பிய சாம்பியன் பட்டம் வென்ற காலெவி கோட்காஸும் அந்த நாட்டுக்காரர்தான் என்பதை யார் சொல்வது? நீங்கள் சொல்லலாம். சொல்வதில்லை.

உயரம் தாண்டுகிறவருக்கு ஒரு மாலைப்பொழுது எப்படிப் போகிறது என்று கொஞ்சம் யோசியுங்கள். ஒரு முயற்சிக்கு ஒரு நிமிடம், அப்புறம் மற்றவர்கள் எல்லோரும் தாண்டி முடிக்கும்வரை உடம்பு குளிர்ந்துவிடாமல் போர்த்திக்கொண்டு, எழுந்து நடந்து, மறுபடி உட்கார்ந்து காத்திருக்க வேண்டும். கம்பி ஏற ஏற ஆட்கள் குறைவார்கள், ஓய்வும் குறையும். அந்தக் களைத்த காலோடுதான் வளைவில் சாய்ந்து ஓடி, ஒற்றைக் காலில் எம்பி, முதுகைக் கம்பிக்கு மேலே வளைக்கிறார். தோளும் இடுப்பும் கடந்த பிறகு குதிகால் தட்டி எல்லாம் போய்விடலாம். ஜெயித்தவரும்கூடப் பெரும்பாலும் கடைசியில் மூன்று முறை தோற்றுத்தான் களத்தை விட்டு வெளியே வருகிறார். ஒரு தாண்டலுக்குச் சில நொடிகள் போதும். அந்தச் சில நொடிகளை உங்களால் தர முடியவில்லையா?

2024 ஜூலையில் பாரிஸில் மஹுச்சிக் 2.10 தாண்டி, 1987இலிருந்து நின்ற பல்கேரிய வீராங்கனை கொஸ்டாடினோவாவின் 2.09 உலக சாதனையை முறியடித்ததைத் திரும்பத் திரும்பக் காட்டினார்கள். நல்லது. ஆனால் சாதனை படைத்தால்தான் ஒருவர் கேமராவுக்குத் தெரிவார் என்றால், யுன்னிலா மாதிரி ஒரு சென்டிமீட்டருக்காகப் பல வருடம் உழைக்கிறவர்களை யார் பார்ப்பது? குண்டு எறிகிறவர்கள், மும்முறை தாண்டுகிறவர்கள் நிலைமை இதைவிட மோசம், அவர்களுக்கு ஒரு மறுஒளிபரப்பு கிடைத்தாலே அதிகம். 5000 மீட்டர் என்பது பன்னிரண்டரைச் சுற்று. நடுச்சுற்றுகளில் திரையை இரண்டாகப் பிரித்து, ஒரு பாதியில் இவர்களைக் காட்டினால் ஓட்டத்தைப் பார்க்கிறவருக்கு எந்த நஷ்டமும் இல்லை.

கோபத்தில் எழுதிவிட்டேன், ஆனால் கேட்பது சின்ன விஷயம்தான். பதக்கத்துக்கான உயரம் வந்துவிட்டால், ஒவ்வொரு முயற்சியையும் ஓட்டத்தின் முதல் அடியிலிருந்து முழுசாக, நேரலையில் காட்டுங்கள். அடுத்த போட்டியிலிருந்தே இதைச் செய்யும்படி பணிவோடு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
உயரம் தாண்டுதலைப் பார்க்கவே உட்காரும் ஒரு ரசிகன்