செங்கோட்டைச் சர்வரின் முகவரி

செங்கோட்டை,
ஆடி 9

அன்புள்ள தம்பிக்கு,

அப்பா எழுதிக்கொண்டது. இங்கு நானும் அம்மாவும் நலம். அங்கு உன் நலத்தை அறிய ஆவல். சாரல் இந்த ஆண்டு தாமதமாகத் தொடங்கியது. இப்போது ஆரியங்காவுக் கணவாய் வழியாக வரும் காற்று மாடித் தகரத்தை விடிய விடியத் தட்டிக்கொண்டிருக்கிறது. அம்மா புனலூர்ச் சித்தி வீட்டுக்குப் போய் நான்கு நாட்கள் ஆகின்றன. அவள் திரும்புவதற்குள் இதை எழுதி முடித்துத் தபாலில் சேர்த்துவிட வேண்டும் என்று உட்கார்ந்திருக்கிறேன்.

"வீட்டு சர்வர் ஐபி மாறிருச்சு போல, பார்த்துச் சொல்லுங்க" என்று ஆனி ஐந்தாம் தேதி நீ வாட்ஸ்ஆப்பில் அனுப்பிய ஒற்றை வரி கிடைத்தது. நீ அங்கிருந்து உள்ளே வந்து கட்டி விளையாடும் மைன்கிராஃப்ட் ஆட்டம் ஓடும் உன் பழைய கணினியைத்தான் சர்வர் என்கிறாய், ஐபி என்பது இணையத்தில் அதன் முகவரி என்ற அளவுக்கு எனக்கும் தெரியும். அதற்கு முந்தைய ஐந்து மாதங்களில் உன்னிடமிருந்து வந்தவை பொங்கலுக்கு ஒரு கரும்புப் படமும் சித்திரை விசுவுக்கு ஒரு கட்டைவிரலும்தான். அதைக் குறையாக எடுத்துக்கொள்ளாதே. முப்பத்து நான்கு ஆண்டுகள் பை சுமந்து, முகவரி பார்த்தே பிழைத்த ஒருவனிடம் பெற்ற பிள்ளை முதன்முதலாக ஒரு முகவரி கேட்டிருக்கிறான். அதற்குச் சரியான விடை சொல்ல எனக்கு ஐந்து வாரம் பிடித்தது. அதனால்தான் இந்தத் தாமதம்.

முதலில் நான் செய்த தவற்றைச் சொல்லிவிடுகிறேன். நீ முன்பு காட்டிக் கொடுத்தபடி உன் பழைய கணினியில் கறுப்புத் திரையைத் திறந்து, ஐபிகான்ஃபிக் என்று அடித்து, அதில் வந்த 192.168.1.7 என்ற எண்ணை அப்படியே உனக்கு அனுப்பினேன். நீலக் குறி இரண்டும் விழுந்தன, பதில் வரவில்லை. பிறகு பெரியத்தை பேரன் வந்து பார்த்துவிட்டு, "தாத்தா, இது வீட்டுக்குள்ளே கூப்பிடுற பேரு" என்று சிரித்தான். 192.168 என்று தொடங்கும் எண்கள் உலகத்தில் எல்லா வீடுகளிலும் இருக்கலாமாம். நீ அங்கே அதை அடித்தால் உன் அறைக்குள் இருக்கும் வேறு ஏதாவது ஒரு பெட்டியைத்தான் அது தட்டுமாம். வீட்டில் உன்னைத் தம்பி என்று அழைக்கிறோம் என்பதற்காக, உறையின் மேல் "தம்பி, கனடா" என்று எழுதித் தபாலில் போட்டது போன்ற காரியம் அது. சிரித்திருப்பாய். சிரித்திருந்தால் அதையாவது ஒரு வரி எழுதியிருக்கலாம்.

அடுத்ததாக, வெளியுலகுக்குத் தெரியும் எண்ணை ஓர் இணையதளத்தின் மூலம் பார்த்துக் குறித்துக்கொண்டேன். இம்முறை உனக்கு அனுப்புவதற்கு முன்னால் சோதித்துவிட வேண்டும் என்று பேரனோடு சங்கு முத்திரை வளைவு வரைக்கும் நடந்தேன். சில ரௌட்டர்களில் வீட்டுக்குள் இருந்துகொண்டு வெளி முகவரியைத் தட்டினால் சர்வர் சரியாக இருந்தாலும் கதவு திறக்காது என்பதால், வீட்டு வைஃபையை விட்டு விலகி மொபைல் டேட்டாவில்தான் இதைச் சோதிக்க வேண்டும் என்று அவன் சொன்னான். அங்கே நின்று எட்டு முறை முயன்றோம். திறக்கவில்லை.

ரௌட்டரின் அமைப்புகளைத் திரையில் திறந்து பார்த்தபோதுதான் காரணம் தெரிந்தது. இணையதளம் காட்டிய எண் ஒன்று. ரௌட்டர் தனக்குத் தரப்பட்டதாகக் காட்டிய எண் வேறொன்று. அது 100.81 என்று தொடங்கியது. 100.64 முதல் 100.127 வரையில் தொடங்கும் எண்களை, இணைப்புத் தருபவர்கள் தங்கள் வலைக்குள்ளேயே பங்கிட்டுக்கொள்வதற்காக 2012-இல் ஒதுக்கி வைத்தார்களாம். ஒவ்வொன்றும் 0 முதல் 255 வரை போகும் நான்கு எண்களால் ஆன இந்த முகவரிமுறைக்கு 1981-இல் விதி எழுதியவர்கள், மொத்தம் ஏறத்தாழ 429 கோடி முகவரிகள் போதும் என்று நினைத்திருக்கிறார்கள், போதவில்லை. ஆகவே பல வீடுகளுக்குச் சேர்த்து ஒரே வெளி முகவரியைக் கொடுத்துவிடுகிறார்கள். வளவு வீடு உனக்குத் தெரியுமே, தெருவாசலில் ஒரே எண், உள்ளே பதினோரு குடும்பம். உள்ளேயிருந்து அனுப்பும் கடிதம் தடையில்லாமல் போய்விடும். வெளியிலிருந்து வருவது யாருக்கு என்று தெரியாமல் வாசலிலேயே நின்றுவிடும். பழைய டெலிபோன் இணைப்பை விட்டுவிட்டு வைகாசிக் கடைசியில் ஒளியிழைக்கு மாறினோம் அல்லவா, அன்றிலிருந்து நம் சர்வர் வளவுக்குள் குடிபோய்விட்டது.

உன் தாத்தா அடிக்கடி சொல்வார். திருவிதாங்கூர் அஞ்சலில் சலங்கைக் கோலோடு மலை ஏறி இறங்கிய மனிதர் அவர். 1951-இல் அந்த அஞ்சல் இந்தியத் தபாலோடு சேர்ந்தது, 1956 நவம்பர் முதல் தேதி செங்கோட்டை, இன்றைய தமிழ்நாடான சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது. வீடு ஒரு சாண்கூட நகரவில்லை, ஆனால் முகவரி மட்டும் மாறிக்கொண்டே இருந்தது என்பார். அந்தக் கணினியும் உன் அறையில், நீ வைத்துவிட்டுப் போன அதே ஸ்டூலின் மேல்தான் இருக்கிறது. வாரம் ஒரு முறை தூசி தட்டுகிறேன்.

கேபிள்காரரிடம் எங்களுக்கென்று மாறாத ஒரு தனி முகவரி வேண்டும் என்று கேட்டதற்கு, "கடை எதுவும் வைக்கப் போறீங்களா அண்ணாச்சி?" என்றார். மகனுக்காக என்றேன். மாதத்துக்குக் கொஞ்சம் கூடுதலாகக் கட்ட வேண்டும் என்றார். கட்டிவிட்டேன், தொகையை நீ விசாரிக்க வேண்டாம். இன்று நாளை என்று பதினெட்டு நாட்கள் இழுத்தடித்து, ஒருவழியாகக் கொடுத்தார். அதன் பிறகு ரௌட்டரில் 25565 என்ற போர்ட்டை மறுபடியும் நம் கணினிக்குத் திருப்பிவிட்டு, உள்முகவரி 7 என்பது நாளைக்கு 9 என்று மாறிவிடாதபடி நிலைநிறுத்தி, விண்டோஸின் தடுப்புச் சுவரிலும் அனுமதி கொடுத்தான் பேரன். முகவரி தெருவையும் வீட்டையும் காட்டும், போர்ட் எந்தக் கதவு என்று காட்டும் என்று அவனுக்கு நான் விளக்க, அவன் தலையாட்டினான். மறுபடியும் வளைவுக்கு நடந்தோம். இந்த முறை திறந்தது. சாரலில் நனைந்துகொண்டே அந்தப் பிள்ளையின் கையைப் பிடித்துக் குலுக்கினேன்.

இந்த முகவரியை யாருக்கும் கொடுத்துவிடாதே. பொதுவில் எங்கேயும் எழுதிவைக்காதே. விளையாட்டில் தோற்ற கோபத்தில், அடுத்தவனின் முகவரியைத் தெரிந்துகொண்டு பொய்யான தகவல் பொதிகளைக் குவித்து இணைப்பையே மூச்சுமுட்ட வைப்பவர்கள் இருக்கிறார்களாம். தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66-ஆம் பிரிவுப்படி அதற்கு மூன்று ஆண்டு வரை சிறையோ ஐந்து லட்சம் ரூபாய் வரை அபராதமோ இரண்டுமோ உண்டு என்றாலும், பிடிபடுவதற்கு முன்னால் நம் இணைப்பு போய்விடும். ஆகவே யாருக்கும் கொடுக்காதே.

இந்த ஐந்து வாரமும் நீ வேறு எந்த சர்வரில் விளையாடிக்கொண்டிருக்கிறாய் என்று தெரிந்துகொள்ள எனக்கு ஆசையாக இருந்தது. அதைக் கண்டுபிடிக்க முடியுமா என்று பேரனைக் கேட்டேன். சர்வரின் பெயர் தெரிந்தால் என்எஸ்லுக்அப் என்று அடித்து எண்ணைக் கேட்டு வாங்கலாம். பெயர் தெரியாவிட்டால், விளையாடிக்கொண்டிருக்கும் கணினியிலேயே ரிசோர்ஸ் மானிட்டரையோ வயர்ஷார்க்கையோ திறந்து, எந்த எண்ணுக்குப் பொதிகள் விடாமல் போய் வருகின்றன என்று பார்க்க வேண்டும். பெரிய நிறுவனங்களின் ஆட்டங்களில் ஒவ்வோர் ஆட்டத்துக்கும் முகவரி மாறும், சிலர் நடுவில் வேறொரு கணினியை நிறுத்தி உண்மையான முகவரியை மறைத்தும் விடுகிறார்கள் என்றான். எப்படியானாலும், ஆடுபவன் உட்கார்ந்திருக்கும் இடத்திலிருந்துதான் பார்க்க முடியும், இங்கிருந்து முடியாது, தாத்தா என்று முடித்துவிட்டான்.

ஆனால் இங்கிருந்து பார்க்க முடிந்தது ஒன்று இருந்தது. இணைப்பு சரியாக வேலை செய்கிறதா என்று சோதிக்க, சர்வரின் பதிவுக் கோப்பை அவன் திறந்து காட்டினான். யார், எந்த முகவரியிலிருந்து, எத்தனை மணிக்கு உள்ளே வந்தார்கள், எத்தனை மணிக்கு வெளியே போனார்கள் என்று எங்கள் அலுவலகப் பேரேட்டைப் போல அதில் வரிவரியாக இருக்கிறது. அவன் போன பிறகு நான் தனியாக உட்கார்ந்து பங்குனியிலிருந்து வைகாசி வரைக்கும் உள்ள பழைய கோப்புகளை ஒவ்வொன்றாகத் திறந்து படித்தேன்.

நம் இரவு எட்டே காலுக்கு வருகிறாய். பின்னிரவு ஒன்றரைக்குப் போகிறாய். உன் ஊர் நேரம் நம்மைவிட ஒன்பதரை மணி பின்னால். செவ்வாய்க்கிழமை, புதன்கிழமை, வியாழக்கிழமை. அங்கே இந்த நாட்களிலும் அலுவலகத்துக்கு விடுமுறை விடுகிறார்களா என்று தெரியவில்லை. விடலாம். வீட்டிலிருந்தே வேலை பார்க்கும் வழக்கம் உண்டு என்று நீயே ஒருமுறை சொல்லியிருக்கிறாய். அம்மாவிடம் நான் ஒன்றும் சொல்லவில்லை. நேரத்துக்குச் சாப்பிடு. வெறும் ரொட்டியைத் தின்று வயிற்றைக் கெடுத்துக்கொள்ளாதே. பணத்தைப் பற்றி யோசிக்காதே; மேலூர் வயல் விற்ற தொகை அப்படியே இருக்கிறது, அதை எடுக்கும் தேவை எங்களுக்கு இல்லை.

சித்திரையிலிருந்து உன் பெயருக்கு எதிரே இருந்த எண்ணும் மாறியிருந்தது. அதைத் தேடிப் பார்க்க எனக்கு எந்த உரிமையும் இல்லை என்று தெரிந்தே தேடினேன். முதல் எண் டொராண்டோ என்றது. இரண்டாவது வின்ட்சர் என்றது. அந்தத் தளங்கள் காட்டுவது இணைப்புத் தருபவரின் இடத்தைத்தான், வீட்டை அல்ல, பல நேரம் அதுவும் தவறாக இருக்கும் என்று பேரன் முன்பே சொல்லியிருந்தான். தவறாகத்தான் இருக்கும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு விளக்கை அணைத்தேன். தூக்கம் வரவில்லை. தூக்கம் வராததற்கு வின்ட்சர் மட்டும் காரணம் இல்லை.

தம்பி, அடுத்தவர் உறையை வெளிச்சத்தில் தூக்கிக்கூடப் பார்த்ததில்லை, ஒரு கடிதத்தையும் ஒரு நாள்கூடத் தாமதப்படுத்தியதில்லை என்று நான் பெருமை பேசுவதைக் கேட்டு வளர்ந்தவன் நீ. 2013 ஆவணியில் புனேயிலிருந்து உனக்கு நேர்முகத் தேர்வுக்கான அழைப்பு சாதாரணத் தபாலில் வந்தது. காலையில் பிரித்து அடுக்கும்போதே பார்த்துவிட்டேன். அம்மாவுக்கு அறுவை முடிந்து இருபது நாட்கள் ஆகியிருந்தன. அவளுக்காகத்தான் என்று அன்றைக்குச் சொல்லிக்கொண்டேன். அவளுக்காக இல்லை. நீ வடக்கே போய்விட்டால் திரும்ப மாட்டாய் என்று எனக்குப் பயம். ஆறு நாட்கள் அந்த உறை என் பையின் அடியில், மணியார்டர் படிவங்களுக்குக் கீழே கிடந்தது. ஏழாம் நாள், தேதி மங்கலாக விழும்படி முத்திரையை மெல்லக் குத்தி, உன் கையில் நானே கொடுத்தேன். குறித்த நாள் அதற்கு இரண்டு நாள் முன்னால் முடிந்துபோயிருந்தது. நீ வாசலில் நின்று என் அலுவலகத்தையே திட்டினாய். நானும் உன்னோடு சேர்ந்து திட்டினேன். இப்போது நினைத்தால் புனே எவ்வளவு பக்கத்தில் இருக்கிறது.

இதை நேரில் சொல்லியிருக்க வேண்டும். நீ வந்த இரண்டு விடுமுறைகளிலும் பேருந்து நிலையம் வரைக்கும் கூடவே வந்து, சொல்லாமல் திரும்பினேன்.

பேரன் எனக்கும் ஒரு கணக்குத் தொடங்கிக் கொடுத்திருக்கிறான். முந்தாநாள் உள்ளே போய்ப் பார்த்தேன். நடக்கப் பழகுவதற்கே ஒரு மணி நேரம் ஆயிற்று, இரண்டு முறை குளத்தில் விழுந்தேன். கண்ணாடியிழைக்குள் ஒளி ஒரு மில்லிநொடியில் சுமார் 200 கிலோமீட்டர்தான் போகுமாம். உனக்கும் எனக்கும் இடையில் 13,000 கிலோமீட்டருக்கு மேல். ஒரு பொதி போய்த் திரும்புவதற்கே குறைந்தது 130 மில்லிநொடி, உண்மையில் அதைவிட மிகவும் கூடுதல். அங்கே உன் பக்கத்திலேயே எத்தனையோ விரைவான சர்வர்கள் இருக்க, எதை அடித்தாலும் தாமதமாக உடையும் இந்தப் பழைய கணினியைத் தேடி நீ ஏன் வருகிறாய் என்று முதலில் புரியவில்லை. உள்ளே போன பிறகு வளைவைப் பார்த்தேன். சங்கைக்கூட விடாமல் வைத்திருக்கிறாய். நம் வீட்டுத் திண்ணையைப் பார்த்தேன். சித்திரைக்குப் பிறகு நீ தனியாகக் கட்டியிருக்கும் மலைப்பாதையையும் பார்த்தேன்.

முகவரியை இந்தத் தாளில் எழுதவில்லை. தனிச் சீட்டில், பெரிய எழுத்தில் எழுதி உள்ளே மடித்து வைத்திருக்கிறேன். பார்த்ததும் கிழித்துவிடு. யாருக்கும் கொடுக்காதே. அனுமதிப் பட்டியலில் மூன்றே பெயர்கள் இருக்கின்றன. உன் பெயர் முதலில். பதிவு எழுதுவதை சர்வர் நிறுத்தாது, அது அதன் வேலை; அந்தக் கோப்புகளை நான் இனித் திறப்பதில்லை. கணினியை இரவிலும் அணைப்பதில்லை. மின்சாரம் போனால் அரை மணி நேரத்துக்கு யூபிஎஸ் தாங்கும். அதற்கு மேல் போனால் நான் எழுந்து மறுபடியும் ஓடவிடுவேன். எனக்கு எப்படியும் மூன்று மணிக்கு விழிப்பு வந்துவிடுகிறது.

ஆரியங்காவு தாண்டி வரும் அந்த ரயில் பாலத்தை நன்றாகக் கட்டியிருக்கிறாய். மீட்டர் கேஜ் காலத்தில் உன்னை ஜன்னலோரம் உட்கார வைத்து எண்ணச் சொன்னது நினைவிருக்கும். இரண்டு முறை எண்ணிப் பார்த்தேன். உன் பாலத்தில் பன்னிரண்டு கண்தான் இருக்கிறது. புனலூர்ப் பக்கம் ஒன்று குறைகிறது. கல் எடுத்து வைக்க எனக்கு இன்னும் கை வரவில்லை.

அன்புடன்,
அப்பா