ஸ்லிம்மைப் பற்றிப் பேசப் போகும் மகனுக்கு

அன்புள்ள செழியா,

பயிற்சி வகுப்பில் பேசுவதற்கு, இரண்டாம் உலகப் போரில் பர்மாவில் ஜப்பானியரோடு மோதிய பிரிட்டிஷ் தளபதி ஜெனரல் வில்லியம் ஸ்லிம்மை எடுத்துக்கொண்டதாக எழுதியிருந்தாய். நல்ல தேர்வு. ஆனால் நீ அனுப்பிய குறிப்பு கொஹிமாவில் தொடங்கி மாண்டலேயில் முடிகிறது. முழுக்கச் சண்டை. அந்த மனிதரின் வேலையில் பெரும்பங்கு துப்பாக்கி வெடிப்பதற்கு முன்பே நடந்தது. அது உன் பேச்சில் இல்லை கண்ணா.

1942-லிருந்து தொடங்கு. மார்ச் மாதம் ப்ரோம் நகரில் பர்மா கோரின் (கோர் என்றால் சில டிவிஷன்கள் சேர்ந்த படை) பொறுப்பை அவர் ஏற்றபோது ரங்கூன் ஏற்கெனவே ஜப்பானியர் கைக்குப் போய்விட்டது. ரங்கூன் துறைமுகம் போனால் கடல்வழி வரவும் போயிற்று. பிறகு இம்பால் வரை ஏறக்குறைய 900 மைல் பின்வாங்கல். யெனாங்யாவுங் எண்ணெய் வயல்களைத் தாங்களே அழித்துவிட்டு வந்தார்கள். ஷ்வேஜின் துறையில் சிந்த்வின் ஆற்றைக் கடக்கும்போது டாங்கிகளை அக்கரைக்குக் கொண்டுபோக வழியில்லை, விட்டுவிட்டார்கள். அதே மாதங்களில் அதே மலைப்பாதைகளில் பர்மாவிலிருந்த இந்தியர்கள் லட்சக்கணக்கில் நடந்து வந்தார்கள். அவர்களில் நம் தமிழர்கள் ஏராளம். அவர்களுக்கு ஒரு வாக்கியமாவது ஒதுக்கு.

ஏன் தோற்றார்கள் என்பதைத் தெளிவாகச் சொல். பிரிட்டிஷ், இந்தியப் படைகளுக்கு எல்லாம் லாரியில்தான் வந்தது, லாரி ரோட்டில்தான் ஓடும். ஜப்பானியர் காட்டு வழியாகச் சுற்றி வந்து முதுகுக்குப் பின்னால் ரோட்டை மறித்து உட்கார்ந்தார்கள். மறியலை உடைப்பதற்கே இருக்கிற பலமெல்லாம் செலவானது. ஸ்லிம் இதற்குக் கண்ட மாற்று: வளைக்கப்பட்டால் ஓடாதே, அங்கேயே உட்கார், சோறும் குண்டும் வானிலிருந்து வரும், அப்போது வளைத்தவன்தான் இருபக்கமும் மாட்டிக்கொள்வான். 1944 பிப்ரவரியில் பர்மாவின் மேற்குக் கடலோரமான அரக்கானில், சின்ஸ்வேயா என்ற இடத்தில் இது முதன்முதலாகப் பெரிய அளவில் பலித்தது.

இனி மலேரியா. 1943 அக்டோபரில், பர்மா முனையில் போரிட்ட 14-ஆவது ராணுவத்தின் பொறுப்பு அவரிடம் வந்தது. அந்த ஆண்டில் காயம்பட்டுப் பின்னே அனுப்பப்பட்ட ஒருவருக்கு, நோயால் அனுப்பப்பட்டவர்கள் 120 பேர். மலேரியா விகிதம் ஆண்டுக்கு 84 சதவீதம். இந்த எண்ணைச் சொல்லும்போது கவனம். பலர் இதை ‘எந்த நேரமும் நூற்றில் 84 பேர் படுக்கையில் கிடந்தார்கள்’ என்று எழுதிவிடுகிறார்கள். இது ஓர் ஆண்டில் வந்த காய்ச்சல்களின் கணக்கு. ஒரே சிப்பாய்க்கு இரண்டு முறை வந்தால் இரண்டாகவே சேரும்.

அவர் செய்த முதல் காரியம், நோயாளியை இந்தியாவுக்கு அனுப்புவதை நிறுத்தியது. முன்பெல்லாம் காய்ச்சல் கண்டவன் நூற்றுக்கணக்கான மைல் பயணப்பட்டு ஆஸ்பத்திரி சேர்ந்து, தேறி, மறுபடி தன் பட்டாளத்துக்குத் திரும்ப ஐந்து மாதம்வரை ஆகும். இப்போது போர்முனைக்குச் சில மைல் பின்னாலேயே கூடாரம் போட்டு மலேரியாச் சிகிச்சைப் பிரிவுகள் வைத்தார்கள். ஒருநாளுக்குள் அங்கே கொண்டுவந்துவிடலாம். சில வாரங்களில் ஆள் திரும்பிவிடுவான். பலத்த காயம்பட்டவர்களை மட்டும் விமானத்தில் ஏற்றினார்கள்.

அடுத்தது மலேரியாவைத் தடுக்கும் மெபாக்ரின் மாத்திரை. தினமும் விழுங்க வேண்டும். தோல் மஞ்சளாகும். ஆண்மை போய்விடும் என்று வதந்தி வேறு; பலர் துப்பிவிட்டார்கள். ஸ்லிம் முன்னறிவிப்பில்லாமல் பட்டாளங்களைப் பிடித்து ஆள் ஆளாக ரத்தம் சோதிக்கச் சொன்னார். 95 சதவீதத்துக்குக் குறைந்தவர்களின் ரத்தத்தில் மருந்து இருந்தால், பதவி போவது சிப்பாய்க்கு அல்ல, அந்தப் பட்டாளத்தின் தலைவனுக்கு. மூன்று பேரை நீக்கினார். நான்காவது ஆளை நீக்க வேண்டிய அவசியமே வரவில்லை. பொழுது சாயும்போது சட்டைக் கையை இறக்கிவிட வேண்டும் என்ற விதியும் இப்படித்தான் நடைமுறைக்கு வந்தது. 1945-ல் நோயாளிக் கணக்கு நாளொன்றுக்கு ஆயிரத்தில் ஒருவர் என்ற அளவுக்கு இறங்கியிருந்தது. உன் பேச்சுக்கு 15 நிமிடம் கொடுத்தால் ஐந்து நிமிடத்தை இதற்கே செலவிடு என்பேன். மாத்திரை எல்லாத் தளபதிகளிடமும் இருந்தது. அது வயிற்றுக்குள் போகிறதா என்று பார்ப்பதைப் படைத்தலைமையின் கடமையாக்கியது இவர்தான்.

வானிலிருந்து சாமான்களைப் போட பாராசூட் போதவில்லை. பட்டுக்குக் காத்திராமல் கல்கத்தாவின் சணல் ஆலைகளிடம் போனார்கள். சணல் பாராசூட் சாதாரணப் பாராசூட்டின் திறனில் 85 சதவீதம் தந்தது. விலை ஒரு பவுண்டுக்குச் சற்று மேல். மற்றதோ 20 பவுண்டுக்கும் மேல். ஆள் குதிக்க அது ஆகாது. அரிசி மூட்டைக்குப் போதும். மழையில் ரோடு கரைந்தபோது சணல் துணியைத் தாரில் நனைத்து, ஓரம் மேலேற விரித்து ரோடு போட்டார்கள்.

இம்பாலுக்கு வா. 1944 மார்ச்சில் ஜப்பானியத் தளபதி முத்தாகுச்சி மூன்று டிவிஷன்களோடு சிந்த்வினைக் கடந்தார். கையில் ஏறக்குறைய மூன்று வார உணவு. அதற்குள் இம்பால் கிடங்குகளைப் பிடித்துச் சாப்பிடலாம் என்பது அவர் கணக்கு. ஸ்லிம்மின் கணக்கு நேர் எதிர்: டிடிம், டாமு பக்கமிருந்த டிவிஷன்களைச் சமவெளிக்கு இழுத்துக்கொண்டால் எதிரியின் வழி நீளும், நம் வழி குறுகும். திட்டம் சரி, நேரம் தப்பியது. 17-ஆவது டிவிஷனுக்கு உத்தரவு தாமதமாகப் போய், அது வழிநெடுகச் சண்டை போட்டுத்தான் வந்து சேர்ந்தது. கொஹிமாவுக்கு ஜப்பானியரில் ஒரு ரெஜிமெண்டுக்கு (டிவிஷனில் ஒரு பகுதிதான் அது) மேல் வராது என்று நினைத்தார். வந்தது 31-ஆவது டிவிஷன் முழுவதும். இரண்டு தவறுகளையும் 1956-ல் வெளிவந்த தன் நினைவு நூலில் அவரே எழுதியிருக்கிறார். நீ இவற்றை மறைத்தால் கேட்பவர்களில் படித்தவன் ஒருவன் கை தூக்குவான்.

தவறிலிருந்து தப்பியது விமானத்தால். 5-ஆவது இந்திய டிவிஷனை அரக்கானிலிருந்து தூக்கி இம்பாலுக்கும் திமாப்பூருக்கும் கொண்டுவந்தார்கள். ஜப்பானியர் வளைத்திருந்த இம்பாலுக்குள், சண்டைக்குத் தேவைப்படாத சுமார் 43,000 பேரை வெளியே அனுப்பினார்கள். அத்தனை வயிறு குறைந்தது. ஜூன் 22-ல் திமாப்பூர் ரோட்டின் 109-ஆவது மைல்கல்லில், இம்பாலிலிருந்தும் கொஹிமா பக்கமிருந்தும் வந்த ஸ்லிம்மின் படைகள் சந்தித்தன; முற்றுகை முடிந்தது. ஜப்பானியரில் பட்டினியும் நோயும் கொன்றவர்கள் ஏராளம்.

அடுத்து, 1944 கடைசியில் தொடங்கிய ஐராவதி ஆற்றுச் சண்டை; அதற்கு ஒரு வரைபடம் கட்டாயம். ஷ்வேபோ சமவெளியில் சண்டை என்று ஸ்லிம் திட்டமிட்டிருந்தார்; ஜப்பானியத் தளபதி கிமுரா ஆற்றுக்குப் பின்னால் போய்விட்டார். உடனே ஸ்லிம் திட்டத்தை மாற்றினார். 33-ஆவது கோர் மாண்டலேயைத் தாக்குவதுபோல் வடக்கே நிற்க, 4-ஆவது கோர் கங்காவ் பள்ளத்தாக்கு வழியாக ஓசையின்றித் தெற்கே இறங்கியது. டாமுவில் போலித் தலைமையகம் ஒன்று வானொலியில் பேசிக்கொண்டே இருந்தது. இதற்கு நடுவே, டிசம்பர் 10-ல், 75 டக்கோட்டா சரக்கு விமானங்களைச் சீனாவுக்கென்று பிடுங்கிக்கொண்டார்கள். ஈடு செய்ய சிந்த்வின் கரையிலுள்ள கலேவாவில் தேக்கு மரத்தை வெட்டி நூற்றுக்கணக்கில் படகு கட்டினார்கள். துண்டு துண்டாகக் கொண்டுவந்து பொருத்தும் பெய்லி பாலம், 1,154 அடி நீளத்துக்குக் கட்டியதும் அங்கேதான்.

1945 பிப்ரவரி 14-ல் ஞாவுங்-ஊவில் ஐராவதியைக் கடந்தபோது, இருட்டில் முதலில் போன சிறு அணிக்குப் பின்னால் வந்தவர்களின் படகுகள் ஒழுகின, எஞ்சின்கள் கிளம்பவில்லை, விடிந்தபின் நடு ஆற்றில் சுடப்பட்டன. பெரும்பாலோர் இரண்டாவது முயற்சியில்தான் கரை சேர்ந்தார்கள். அக்கரையில் அந்தப் பகுதியைக் காத்தவர்களில் இந்திய தேசிய ராணுவத்தினரும் இருந்தார்கள். மலேயாத் தோட்டங்களிலிருந்து நேதாஜியோடு சேர்ந்த தமிழர்கள் அந்த ராணுவத்தில் ஏராளம்; 14-ஆவது ராணுவத்தில் மதராஸ் சாப்பர்கள் (பாலமும் ரோடும் போடும் பொறியியல் படையினர்). இதை யாருக்கும் சாதகமாகச் சாய்க்காமல் சொல். மார்ச் 3-ல் மெய்க்டிலா விழுந்தது. ஜப்பானியரின் கிடங்குகளும் விமானத்தளங்களும் அங்கேதான். மாண்டலே அதனால்தான் 20-ஆம் தேதி கைக்கு வந்தது. மே மாதத் தொடக்கத்தில், மழை முந்திக்கொண்டு, அரை வயிற்றுச் சாப்பாட்டோடு பெகுவில் படை சிக்கி நிற்க, ரங்கூனுக்குள் கடல்வழி வந்த இன்னொரு பிரிட்டிஷ், இந்தியப் படை நுழைந்தது.

பிற்காலம் சுருக்கமாகப் போதும். 1948-ல் பிரிட்டிஷ் ராணுவத்தின் தலைமைப் பதவி. பிரிட்டிஷ் ஆட்சிக்கால இந்திய ராணுவத்திலிருந்து வந்த அதிகாரி ஒருவருக்கு அது கிடைத்தது அதுவே முதல் முறை. 1953 முதல் 1960 வரை ஆஸ்திரேலியாவின் கவர்னர் ஜெனரல். அங்கே மோலாங் ஃபேர்பிரிட்ஜ் பண்ணைப் பள்ளியில் சிறுவர்களாக இருந்தவர்களில் சிலர், அவர் இறந்து பல ஆண்டுகளுக்குப் பிறகு, பாலியல் தொல்லைப் புகார் சொன்னார்கள். அவர் மகன் மறுத்தார். கான்பெராவில் அவர் பெயரிலிருந்த சாலையின் பெயர் மாற்றப்பட்டது. யாராவது கேட்டால் இதையும் தயங்காமல் சொல்.

கடைசியாக ஒன்று: வரைபடத்தில், சரக்கு விமானங்கள் கிளம்பிய சிட்டகாங்கைச் சுற்றி 250 மைல் வட்டம் ஒன்று போட்டுப் பார். டக்கோட்டாவுக்குக் கட்டுப்படியாகும் தூரம் அவ்வளவுதான். 1945 ஜனவரியில், தெற்கே கடலோரத்திலுள்ள அக்யாபையும் ராம்ரி தீவையும் ஏன் பிடித்தார்கள் என்பது அதிலேயே விளங்கும். குறிப்பைத் திருத்தி வெள்ளிக்கிழமைக்குள் அனுப்பு, பார்த்துத் தருகிறேன்.

அன்புடன்,
அம்மா